பதிலுக்கு நின்றவள்

தன்கீழ் ஒரு வருஷமாக வேலை பார்க்கிற பொம்பளையின் முகம் ஒரு மனுஷனுக்குத் தெரியாமல் இருக்குமா? எங்கள் மேனேஜர் புகழேந்திக்குத் தெரியவில்லை. இதை யாரிடம் சொன்னாலும் நம்ப மாட்டேன் என்கிறார்கள். என்னைப் பெற்றவளே நம்பவில்லை. "கோவத்துல கூட்டிச் சொல்லாத ஷைலா" என்றாள். எனக்குக் கோபம் கொஞ்சம் அதிகம்தான். ஆனால் இதில் கூட்டிச் சொல்ல என்ன இருக்கிறது? நடந்ததைச் சொல்லவே எனக்கு இன்னும் வாய் குழறுகிறது.

சிவகாசி பஸ் ஸ்டாண்டுக்குப் பக்கத்தில் 'டிங் டாங் சிக்கன்' என்று ஒரு கடை. அதில் நான் பில் போடுகிறவள். பி.காம். படித்துவிட்டுக் கோழிக் கடைக்குப் போகிறாளே என்று அம்மா தலையில் அடித்துக்கொண்டாள். அம்மா பெரியாஸ்பத்திரியில் நர்ஸ். அவளுக்கு வெள்ளை உடுப்பு போடாத வேலையெல்லாம் வேலையே இல்லை. கடை முதலாளி அச்சாபீஸ் வைத்திருக்கிற ஒரு பிரஸ்காரரின் மகன். பெங்களூரில் படித்தபோது தின்ற பொரித்த கோழியை மறக்க முடியாமல், அதை அப்படியே கொண்டுவந்து இங்கே இறக்கிவிட்டார். வாசலில் ஆள் உயரத்துக்கு ஒரு படம். அதில் ஒரு வெள்ளைக்காரப் பிள்ளை சிவப்புத் தொப்பி போட்டுக்கொண்டு, கையில் தட்டோடு சிரித்துக்கொண்டிருக்கும். பதினெட்டு வயசுதான் இருக்கும் அதற்கு.

வேலைக்கு ஆள் கேட்டு விளம்பரம் கொடுத்ததும் அந்தப் படத்தைப் பார்த்துத்தான். சுறுசுறுப்பான இளைஞர்கள் தேவை என்று போட்டிருந்தார்கள். இளைஞர் ஒருவர்கூட எட்டிப் பார்க்கவில்லை. வாலிபப் பயல்கள் திருப்பூருக்குப் பஸ் ஏறியிருந்தார்கள். வயசுப் பிள்ளைகளுக்குப் பட்டாசுக் கம்பெனியிலேயே இதைவிடக் கூடச் சம்பளம் கிடைத்தது. வந்தவர்கள் எல்லாம் முப்பது தாண்டிய பொம்பளைகள். அதில் ஒருத்தியான மாரித்தாய் அக்கா வீட்டுக்கு மருமகளே வந்துவிட்டாள். ஃபாஸ்ட் ஃபுட் கடை என்றால் காலேஜ் பிள்ளைகள் பாக்கெட் மணிக்கு வந்து நிற்பார்கள் என்று நான் நினைத்திருந்தேன். முதல் நாள் சமையல்கட்டுக்குள் போனவள் திக்கென்று நின்றுவிட்டேன். சேலைக்கு மேலே சிவப்பு டி-ஷர்ட்டும், கொண்டைக்கு மேலே தொப்பியும் மாட்டிக்கொண்டு, எங்கள் தெருப் பெரியம்மாக்கள் மாதிரி ஆறேழு பேர் கோழியை மாவில் புரட்டிக்கொண்டிருந்தார்கள்.

"என்ன பாப்பா இப்பிடிப் பாக்கீக? காட்டு வேலைக்குச் சேலைமேல சட்டை போடுறதில்லையா? அந்த மாதிரிதான்" என்றாள் மாரித்தாய் அக்கா.

அத்தனை பேரும் மருந்துக்குப் பயந்து வந்தவர்கள். எங்கள் பக்கம் மருந்து என்றால் பட்டாசுக்குள் அடைக்கிற வெடிமருந்து. ஒவ்வொருத்திக்கும் யாரையாவது அது கொண்டுபோயிருந்தது. ஒருத்திக்குத் தங்கச்சி, ஒருத்திக்கு வீட்டுக்காரர். கூலி குறைந்தாலும் பரவாயில்லை, சாயங்காலம் உசிரோடு வீட்டுக்குப் போகலாம் என்று கணக்குப் போட்டு வந்தவர்கள். இங்கே வந்து பார்த்தால் இங்கேயும் கை வேகத்தான் செய்தது. எண்ணெய் தெறிக்காத முழங்கை ஒருத்திக்கும் கிடையாது. பழைய மருந்துத் தழும்புக்குப் பக்கத்திலேயே புது எண்ணெய்த் தழும்பு. பர்னால் கேட்டால் புகழேந்தி பற்பசையை நீட்டுவார்.

உட்கார நாற்காலி கிடையாது. காலையில் நின்றால் ராத்திரி கடை மூடும்வரை நிற்க வேண்டியதுதான். செல்போனை எல்லாம் வந்ததும் வாங்கி மேனேஜர் மேசை டிராயருக்குள் போட்டுப் பூட்டிவிடுவார். ஒரு நாள் லீவு எடுத்தால் இரண்டு நாள் சம்பளத்தைப் பிடிப்பார். சமையல்கட்டில் எல்லாரும் தொப்பி, வாயையும் மூக்கையும் மூடுகிற துணி, கையுறை, முழங்கால் வரைக்கும் ஏப்ரன் போட வேண்டும். ஏப்ரன் நெஞ்சில் பெயர் எழுதிய அட்டை குத்தியிருக்கும். அந்த அட்டையைப் பார்த்துத்தான் புகழேந்தி ஆளைக் கூப்பிடுவார்.

இங்கேதான் எங்கள் ஊர்ப் பொம்பளைகள் ஒரு காரியம் செய்தார்கள். வேறு எந்த ஊரிலும் இது தோன்றியிருக்காது. பட்டாசுக் கம்பெனியில் உடம்பு சரியில்லாத அன்றைக்குப் பதிலுக்கு ஆள் அனுப்பிவிடுவது பழக்கம். அம்மா போக முடியாவிட்டால் மகள் வேன் ஏறுவாள், மகள் போக முடியாவிட்டால் சித்தி. யார் உட்கார்ந்தால் என்ன, எடம் காலியாக இருக்கக் கூடாது, அன்றைய வேலை முடிய வேண்டும். கணக்கில் எடத்துக்காரி பெயர்தான் இருக்கும். அதே பழக்கத்தை இவர்கள் கோழிக் கடைக்கும் கொண்டுவந்துவிட்டார்கள். லீவு கேட்டால்தானே சம்பளத்தைப் பிடிப்பாய்? லீவே வேண்டாம். நாத்தனார் வருவாள், மாட்டிக்கொள்வாள், நிற்பாள். தொப்பிக்கும் துணிக்கும் நடுவே இரண்டு கண்தான் தெரியும். அந்தக் கண்களைப் புகழேந்தி எங்கே பார்த்தார்? எனக்குத் தெரியும், நான் காட்டிக்கொடுக்கவில்லை. அவருக்கு அப்படித்தான் வேண்டும் என்று உள்ளுக்குள் சிரித்துக்கொள்வேன்.

செல்வலட்சுமி அக்காவைப் பற்றி இங்கே சொல்ல வேண்டும். விஸ்வநத்தத்துக்காரி. பட்டாசுக்குத் திரி வைப்பதில் அவள் கைக்கு ஈடு கிடையாது என்பார்கள். அவளுடைய மாமியார் ஒரு விபத்தில் கருகிச் செத்தபிறகு, வீட்டுக்காரர் மாரிக்கண்ணன் அவளை இருக்கன்குடிக்குக் கூட்டிக்கொண்டு போய், மாரியம்மன் முன்னால் சூடத்தை அணைத்துச் சத்தியம் செய்ய வைத்துவிட்டார். இனி மருந்தைத் தொட மாட்டேன் என்று சத்தியம். அதன்பிறகுதான் எங்கள் கடைக்கு வந்தாள். மாரிக்கண்ணன் அண்ணன் குட்டியானை வண்டி ஓட்டுகிறவர். பிரஸ்களில் அடித்த அட்டைப்பெட்டிகளைப் பட்டாசுக் கம்பெனிகளுக்குக் கொண்டுபோய் இறக்குவார். ராத்திரி கடை மூடும்போது அதே வண்டியில் வந்து அவளை ஏற்றிக்கொண்டு போவார். ஏறும்போதே அவள் அவரைச் சீண்ட ஆரம்பித்துவிடுவாள். "என்னைய மட்டும் சத்தியம் பண்ண வச்சாரு பாப்பா, இவரு தெனம் அங்கனதான் போறாரு. வெடிச்சா, பெட்டிக்காரன்னு பாத்து வெலகிப் போகுமாக்கும்" என்பாள். அவர் சிரித்துக்கொண்டே வண்டியைக் கிளப்புவார். அந்த இரண்டு பேரையும் பார்க்க எனக்குப் பிடிக்கும்.

தீபாவளிக்குக் கொஞ்ச நாள் இருக்கும்போது, செல்வலட்சுமி அக்கா அடிக்கடி கை கழுவுகிற இடத்துக்கு ஓடி வாந்தி எடுப்பதைப் பார்த்தேன். விசேஷமோ என்று சந்தோஷமாகப் பின்னாலேயே போனேன்.

"என்னக்கா, எங்ககிட்டச் சொல்லவே இல்ல?"

அவள் வாய்த் துணியை இறக்கிவிட்டுத் திரும்பினாள். அது செல்வலட்சுமி அக்காவே இல்லை. ஜாடை இருந்தது, ஆள் வேறு. எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. பதிலுக்கு வருவது எனக்குத் தெரிந்த சங்கதிதான், ஆனால் ஒரு வாரமாக நானே இவளைச் செல்வலட்சுமி என்று நினைத்துப் பேசிக்கொண்டிருந்திருக்கிறேனே!

"காட்டிக் குடுத்துராதீக தாயி. நான் அவ அக்கா லட்சுமிகாந்தம்" என்று என் கையைப் பிடித்துக்கொண்டாள்.

அப்புறம்தான் எல்லாம் சொன்னாள். அவளுக்கு வேலை தாயில்பட்டியில், பெத்தணன் கம்பெனியில். வீட்டுக்காரர் உக்கிரபாண்டி திருப்பூரில் பனியன் கம்பெனியில் இருக்கிறார். கல்யாணமாகி ரொம்ப வருஷம் கழித்து, கோயில் கோயிலாக ஏறி இறங்கி, இப்போதுதான் வயிற்றில் தங்கியிருக்கிறது. மருந்து வாடை பட்டால் குடலே வெளியே வருகிற மாதிரி குமட்டுகிறது. நின்றுவிடலாம் என்றால், தீபாவளி சீசன் முடியும்வரை இருந்தால்தான் போனஸ், நடுவில் விட்டால் அடுத்த சீசனுக்கு எடமும் இல்லை என்று போர்மேன் சொல்லிவிட்டார். தங்கச்சி கேட்டுவிட்டு, இதற்கா அழுகிறாய் என்று சிரித்திருக்கிறாள்.

"'நீ என் எடத்துல போயிக் கோழி பொரி, நான் ஒன் எடத்துல உக்காந்து திரி வைக்கேன். தீபாவளி வரைக்கும்தான'ன்னா. வேணாம்டி, சத்தியம் பண்ணிருக்கன்னேன். 'ஆத்தாகிட்ட நான் பேசிக்கிடுதேன், ஒனக்குப் புள்ள குடுத்தவ அவதான, கோவிச்சுக்கிட மாட்டா'ன்னுட்டா."

மாரிக்கண்ணன் அண்ணனுக்குத் தெரியாது. அவர் விடியும் முன்பே வண்டியை எடுத்துக்கொண்டு கிளம்பிவிடுவார். இவள் யூனிபார்ம் பையைத் தூக்கிக்கொண்டு அடுத்த தெருவில் இருக்கிற அக்கா வீட்டுக்குப் போய், அக்காவின் பழைய நூல் சேலை ஒன்றைக் கட்டிக்கொண்டு கம்பெனி வேன் ஏறிவிடுவாள். மருந்துக் கறை தன் சேலையில் பட்டால் வீட்டுக்காரர் கண்டுபிடித்துவிடுவாரே. சாயங்காலம் வேன் வந்ததும் குளித்து, உடுத்தி, எங்கள் கடை வாசலுக்கு வந்து நின்றுகொள்வாள். அக்கா பஸ் ஏறுவாள், தங்கச்சி குட்டியானை ஏறுவாள். இவ்வளவையும் லட்சுமிகாந்தம் அக்கா எனக்குச் சிரித்துக்கொண்டேதான் சொன்னாள். எனக்கும் சிரிப்புத்தான் வந்தது.

சிரிப்பு வராதது ஒரு விஷயத்தில்தான். பிள்ளைத்தாச்சி, பகல் முழுக்க நிற்கிறாள். ஒரு ஸ்டூல் போடுங்கள் என்று புகழேந்தியிடம் போய்க் கேட்டேன். யாருக்கு என்று சொல்லவில்லை.

"சமையல்கட்டுல சீட்டிங் கிடையாதும்மா. உட்கார்ந்தா தூங்கிருவாங்க. அதுவும் அந்தச் செல்வலட்சுமி இருக்காளே, இப்பல்லாம் ரொம்ப ஸ்லோ. என்னன்னு கேளு" என்றார்.

நாலு எட்டு எடுத்து வைத்துப் போய் அவரே கேட்டிருக்கலாம். கேட்கவில்லை. அவர் கொடுமைக்காரர் என்று நான் சொல்ல மாட்டேன். தீபாவளிக்கு எல்லாருக்கும் ஸ்வீட் பாக்ஸ் வாங்கிவைத்திருந்தார். அட்டைகளைப் பார்த்து, பெயர் பெயராக எழுதி ஒட்டியும் வைத்திருந்தார்.

அன்றைக்குப் புதன்கிழமை. சாயங்காலம் ஒரு மஹாலில் பட்டாசு டீலர்கள் கூடுகிறார்கள், அவர்களுக்குப் பெட்டி பெட்டியாகக் கோழி போக வேண்டும். கடை திறந்ததிலிருந்து அவ்வளவு பெரிய ஆர்டர் வந்ததில்லை. காலையிலிருந்து சமையல்கட்டில் யாரும் தண்ணீர் குடிக்கக்கூட நகரவில்லை. உள்ளே புகை உறிஞ்சுகிற மின்விசிறியின் இரைச்சல், முன்னால் கூடத்தில் பாட்டுச் சத்தம். வெளியே வானம் இடிந்து விழுந்தாலும் எங்களுக்குக் கேட்டிருக்காது.

மத்தியானம் பிரஸ்காரப் பையன்கள் இரண்டு பேர் பார்சல் வாங்க வந்தார்கள். காசை நீட்டிக்கொண்டே ஒருத்தன் மற்றவனிடம் சொன்னான்.

"தாயில்பட்டில போயிருச்சாம்லே. பொகை மம்சாபுரம் வரைக்கும் தெரியுதாம்."

என் கை பில் மெஷினிலேயே நின்றுவிட்டது. "எந்தக் கம்பெனி தம்பி?"

"பெத்தணன் கம்பெனின்னுதான் பேசிக்கிடுதாக. ஆம்புலன்சு வரிசையாப் போகுதுக்கா."

கடை போனில் அம்மா வார்டுக்கு அடித்தேன். அம்மாதான் எடுத்தாள். பின்னால் ஒரே அழுகைச் சத்தம். "வந்துக்கிட்டே இருக்கு ஷைலா, பேச நேரமில்ல" என்று வைத்துவிட்டாள். என்ன ஆச்சு, யாருக்கு ஆச்சு, ஒன்றும் கேட்க முடியவில்லை. கர்த்தாவே, செல்வலட்சுமி அக்காவைக் காப்பாற்று என்று மட்டும் மனசுக்குள் சொல்லிக்கொண்டேன். திரும்பத் திரும்ப அதையே சொன்னேன்.

சமையல்கட்டு வாசலுக்குப் போனேன். லட்சுமிகாந்தம் அக்கா இடுப்பில் ஒரு கையை ஊன்றிக்கொண்டு, மறுகையால் கோழித் துண்டுகளைப் பெட்டியில் அடுக்கிக்கொண்டிருந்தாள். என்னைப் பார்த்ததும் அவள் கண் சிரித்தது.

"பாப்பா, ஆம்பளப் புள்ளையா இருந்தா இந்தக் கோழி வாடைக்கே சண்டைக்காரனாத்தான் பொறப்பான்" என்றாள்.

நான் என்ன சொல்வேன்? உறுதியாக எதுவும் தெரியாமல் ஒரு பிள்ளைத்தாச்சியிடம் போய் எதைச் சொல்வது? அவள் போன் இருந்தால் கம்பெனியில் யாரையாவது கூப்பிட்டுப் பார்க்கலாம். நேரே புகழேந்தியிடம் ஓடினேன்.

"சார், டிராயரத் திறங்க. தாயில்பட்டில ஆக்ஸிடென்ட். இவங்க சொந்தக்காரங்க எல்லாம் அங்கதான் வேலை பாக்காங்க. போன் பண்ணட்டும்."

அவருக்கும் அதிர்ச்சிதான். முகம் வெளுத்துப் போயிற்று. ஆனாலும் சாவியை எடுக்கவில்லை. குரலைத் தாழ்த்திக்கொண்டு சொன்னார்.

"இப்பச் சொன்னா என்னாகும் தெரியுமா? அத்தனை பேரும் அப்படியே போட்டுட்டு ஓடிருவாங்க. இன்னும் ஒரு மணி நேரம். ஆர்டர் வண்டியில ஏறட்டும், நானே சொல்றேன்."

"உசிரு சார்!"

"போனது போயிருச்சு. ஒரு மணி நேரத்துல திரும்பி வரப் போகுதா?"

ஒரு மனுஷன் வாயிலிருந்து இப்படி ஒரு வார்த்தை வருமா? நான் மேசையை ஓங்கித் தட்டினேன். கத்தினேன். கூடத்தில் சாப்பிட்டுக்கொண்டிருந்தவர்கள் திரும்பிப் பார்த்தார்கள். அந்த நேரத்தில்தான் கண்ணாடிக் கதவைத் தள்ளிக்கொண்டு மாரிக்கண்ணன் அண்ணன் உள்ளே வந்தார்.

சட்டைப் பொத்தான்களை மாற்றிப் போட்டிருந்தார். இரண்டு கையும் முழங்கை வரை கரி. காலில் செருப்பு இல்லை. ஏசியில் உட்கார்ந்திருந்த கூட்டம் அவரைப் பார்த்து அப்படியே அடங்கிப்போனது. அவர் நேரே என்னிடம் வந்தார்.

"தங்கச்சி, செல்வத்தக் கொஞ்சம் கூப்பிடுங்க. மெதுவாக் கூப்பிடுங்க, பதறிரப் போறா." குரலைத் தாழ்த்தினார். "மதினி போயிட்டாக. அவ அக்கா. லட்சுமிகாந்தம்."

ஒரு நொடி எனக்கு ஒன்றும் புரியவில்லை. லட்சுமிகாந்தம் அக்கா உள்ளே கோழி அடுக்கிக்கொண்டிருக்கிறாளே! யாரோ தப்பாகச் சொல்லிவிட்டார்கள், நல்லவேளை என்று சந்தோஷம்கூட வந்தது. அந்தச் சந்தோஷம் நெஞ்சில் பாதி இறங்கும்போதே எனக்கு விளங்கிவிட்டது. மேசையைப் பிடித்துக்கொண்டேன்.

"யாருண்ணே... யாரு சொன்னா?"

"யாரு சொல்லணும்? நான்தான பாத்தேன். பக்கத்துக் கம்பெனியில பெட்டி எறக்கிக்கிட்டு இருந்தேன். சத்தம் கேட்டு ஓடுனா, பக்கத்து ரூமுகள்ல இருந்தவுகளுக்கெல்லாம் காயம், திரி வைக்கிற ரூம் மட்டும் தரைமட்டமாக் கெடக்கு. அதுல இருந்த மத்த பொம்பளைக சாப்பிட மரத்தடிக்குப் போயிட்டாக. ஒராள் மட்டும் கையில இருந்தத முடிச்சிட்டு வாரேன்னு உக்காந்திருக்கு. கணக்குப்பிள்ளை வந்து பாத்துட்டு, இது லட்சுமிகாந்தம் எடம்னாரு. மூஞ்சி தெரியல தங்கச்சி. கட்டியிருந்தது மதினி சேலைதான், முந்தி கொஞ்சம் மிச்சம் இருந்துச்சு. யாரும் பக்கத்துல போக மாட்டேங்காக. நான்தான் தூக்குனேன். என் வண்டிலதான் ஆஸ்பத்திரிக்குக் கொண்டாந்தேன். வயித்துல புள்ளையோட... சகலைக்குப் போன் போட்டாச்சு. அழுதுக்கிட்டே பஸ் ஏறிட்டாரு."

நான் சமையல்கட்டுப் பக்கமே பார்த்துக்கொண்டு நின்றேன்.

"செல்வம் அதப் பாத்துரக் கூடாது. அதான் மூடி வச்சிட்டு ஓடியாந்தேன். நானே பக்குவமாச் சொல்லிக் கூட்டிட்டுப் போறேன்." அவர் கரிக்கையால் கண்ணைத் துடைத்துக்கொண்டார். "இவளையாச்சும் அதுலருந்து வெளிய கொண்டாந்தேனே தங்கச்சி. அந்த மட்டும் ஆத்தா என்னைய வச்சிருக்கா."

புகழேந்தி எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டு நின்றிருந்தார். அவர் கண்ணும் கலங்கியிருந்தது, பொய் சொல்லக் கூடாது. வந்து அண்ணனின் தோளில் கை வைத்தார்.

"செல்வலட்சுமியோட சிஸ்டரா? ரொம்ப சாரிங்க. நீங்க கூட்டிட்டுப் போங்க. லீவுக்குப் பணம் எதுவும் பிடிக்க மாட்டேன். நல்ல ஒர்க்கர் அவங்க."

நான் தடுப்பதற்குள் அவர் சமையல்கட்டுப் பக்கம் திரும்பிக் கூப்பிட்டுவிட்டார்.

"செல்வலட்சுமி! வெளிய வாம்மா, உன் வீட்டுக்காரர் வந்திருக்கார்!"

மின்விசிறி இரைச்சலில் முதலில் கேட்கவில்லை போலிருக்கிறது. இரண்டாம் தடவை கூப்பிட்டதும் அவள் வந்தாள். சத்தியத்தை மீறியது தெரிந்துபோய்ச் சண்டைக்கு வந்திருக்கிறார் என்று நினைத்திருக்க வேண்டும். தலையைக் குனிந்துகொண்டு, கையுறையைக் கழற்றிக்கொண்டே வந்தாள். தொப்பி, வாய்த்துணி, ஏப்ரன் எல்லாம் அப்படியே இருந்தன. அண்ணனின் கண் நிறையக் கண்ணீர், பார்வை சரியாக இல்லை. எட்டி அவள் கையைப் பிடித்துக்கொண்டார்.

"தைரியமா இரு புள்ள. அக்கா..."

அவள் பதறிப்போய் வாய்த்துணியை இறக்கினாள். "என்ன தம்பி? என்னாச்சு?"

மாரிக்கண்ணன் அண்ணன் பிடித்த கையை விடவில்லை. அவள் முகத்தையே பார்த்தார். பிறகு அவர் முகத்தில் வந்த சந்தோஷத்தை நான் சாகும்வரை மறக்க மாட்டேன். அப்படி ஒரு சந்தோஷத்தை நான் வேறு எந்த முகத்திலும் பார்த்ததில்லை.

"மதினி! எய்யா சாமி, மதினி இருக்கீகளா! உசிரோட இருக்கீகளா! நான் என்னமோன்னு... அப்ப அது வேற யாரோ. வேற யாரோ பாவம்." அவர் சிரித்தார், அழுதார், கடைக்குள் சாப்பிட்டுக்கொண்டிருந்தவர்களைப் பார்த்துக் கும்பிட்டார். "தங்கச்சி, சகலைக்குப் போன் போடுங்க. எங்கனயாச்சும் எறங்கி ஒரு டீ குடிக்கட்டும் மனுசன்." பிறகு சமையல்கட்டைப் பார்த்துக் குரல் கொடுத்தார். "ஏ செல்வம்! இங்கன வா, ஒங்க அக்கா கூத்தப் பாரு!"

சமையல்கட்டு வாசலில் மாரித்தாய் அக்காவும் மற்றவர்களும் வந்து நின்றார்கள். ஆள் மாறிய சங்கதி எல்லாருக்கும் தெரியும். லட்சுமிகாந்தம் அக்காவின் முகத்தில் ரத்தமே இல்லை. யாரும் சொல்லாமலே அவள் அண்ணனின் கரிபிடித்த கைகளைப் பார்த்தே எல்லாவற்றையும் தெரிந்துகொண்டுவிட்டாள்.

"செல்வம்!" என்று அண்ணன் மறுபடியும் கூப்பிட்டார்.

புகழேந்திக்குக் குழப்பம். "என்னங்க, இவங்கதானே உங்க வீட்டம்மா? செல்வலட்சுமி. ஒரு வருஷமா இங்கதான் இருக்காங்க" என்றார். நெஞ்சில் இருந்த அட்டையை விரலால் காட்டினார்.

மாரிக்கண்ணன் அண்ணன் எழுத்துக்கூட்டிப் படிக்கிறவர். உதட்டை அசைத்து அதைப் படித்தார். படித்துவிட்டு மதினியைப் பார்த்தார். அவர் சிரிப்பு இன்னும் முழுசாகப் போகவில்லை.

"அவ எங்க, மதினி?"

லட்சுமிகாந்தம் அக்கா வயிற்றைப் பிடித்துக்கொண்டு அப்படியே தரையில் உட்கார்ந்தாள். அந்தக் கடையில் அவள் உட்கார்ந்து நான் பார்த்தது அதுதான் முதல் தடவை.

"என் எடத்துல உக்காந்தா தம்பி" என்றாள். "வாடை ஒனக்கு ஆகாதுன்னு, அவதான் போயி உக்காந்தா. என் சேலையக் கட்டிக்கிட்டு."

யாரோ பாட்டை நிறுத்தினார்கள். புகழேந்தி சுவரில் சாய்ந்துகொண்டார். மாரிக்கண்ணன் அண்ணன் கத்தவில்லை, மதினியை ஒரு வார்த்தை வையவும் இல்லை. தன் இரண்டு கைகளையும் முன்னால் நீட்டி, ஏதோ பாரத்தைத் தூக்குகிற மாதிரி கொஞ்சம் உயர்த்திப் பார்த்தார்.

"லேசா இருந்துச்சு மதினி. புள்ளத்தாச்சி இப்பிடி லேசா இருப்பாகளான்னு அப்பவே நெனச்சேன். நெனச்சுக்கிட்டேதான் தூக்கிட்டு வந்தேன்" என்றார்.